தம்பி வீட்டு ரோமன் பில்லர்

1

மரக்காணத்தில் என் தம்பி வீட்டு வாசலில் நான்கு ரோமன் பில்லர்கள் நின்றன. "நின்றன" என்றுதான் இனிமேல் எழுத வேண்டும். அவை ஏன் நிற்கவில்லை என்று ஊரில் ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள், எல்லாக் கதையிலும் நான் நல்லவளாகவே வருகிறேன். அதைப் பொறுக்க முடியாமல்தான் இதை எழுதுகிறேன்.

நான் ரோமுக்கு வந்தது ஒரு மே மாதம். ஒவ்வொரு மே மாதமும் என் வீட்டுக்காரர் அந்தோணி தான் சமையல் வேலை செய்யும் ஓட்டலிலிருந்து ஒரு கேக் கொண்டு வருவார். நானும் அவரும் எங்கள் மகள் கிளாராவும் வெட்டிச் சாப்பிட்டுவிட்டு ஊருக்குப் போட்டோ அனுப்புவோம். இந்த வருஷம் கேக்கை வெட்டிக்கொண்டிருக்கும்போதே தம்பி சேவியரிடமிருந்து ஒரு வீடியோ வந்தது.

வீடியோவில் அவன் முகம் இல்லை, குரல்தான். கேமரா ஒரு பில்லரின் மேலிருந்து கீழே மெதுவாக இறங்கியது. பெயிண்ட் அடித்த வெள்ளைத் தூணில் நீளமாக ஒரு விரிசல். விரிசலிலிருந்து காவி நிறத்தில் ஏதோ வழிந்து காய்ந்திருந்தது.

"அக்கா, வாழ்த்துகள். கேக்கு வெட்டியாச்சா? இத கொஞ்சம் பாரு. நம்ம பில்லர்ல கோடு வுட்டிருக்குது. அங்க ரோம்லயும் முதல்ல இப்படித்தான் ஆவுமா? நீ சொன்ன மாதிரி உள்ள கல்லா மாறுது போல. ஜெயா பயப்படுறா. நீ ஒரு வார்த்தை சொல்லிட்டா அடங்கிடுவா."

ஜெயா அவன் மனைவி. வீடியோவைக் கிளாராவிடம் காட்டினேன். அவள் இங்கே கட்டுமானம் சொல்லிக்கொடுக்கும் பள்ளியில் படிக்கிறாள். பார்த்ததும் சிரித்தாள். "எந்தத் தண்ணி ஊத்தினாங்க மா, கடல் தண்ணியா?" என்று கிண்டலாகக் கேட்டாள். ஆமாம் என்றேன். அவளுடைய சிரிப்பு நின்றுவிட்டது.

"அதுக்கு கீழ யாராவது உக்கார்றாங்களா?" என்றாள்.

2

அந்த வீட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். சேவியர் உப்பளத்தைக் குத்தகைக்கு எடுத்து உப்பு எடுக்கிறவன். மூன்று வருஷத்துக்கு முன்பு அனுமந்தை போகும் பக்கம் சொந்தமாக வீடு கட்டினான். சாதாரண வீடுதான். ஆனால் முன்னால் ஒரு போர்ட்டிகோ வைக்க வேண்டும், அது ரோமன் மாடலாக இருக்க வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றான். அக்கா ரோமில் இருக்கிறாள் அல்லவா? நான்கு உருண்டைத் தூண்கள், தூண் உச்சியில் இலை இலையாகப் பூவேலை, தூணுக்குத் தூண் ஒரு வளைவு, அதற்கு மேல் தளம்.

இந்தத் தூண் எங்கள் பக்கத்துக்குப் புதிதில்லை. பாண்டிச்சேரிக்கு பஸ்ஸில் போகிறவர்கள் எல்லோரும் பார்த்ததுதான். வெள்ளைக்காரத் தெருவில் பெரிய பெரிய கட்டடங்களுக்கு முன்னால் வரிசையாக நிற்கும். பிரெஞ்சுக்காரன் அதை அவனாக யோசித்துச் செய்யவில்லை, ரோமானியனைப் பார்த்துச் செய்தான். அதைப் பார்த்து நம் ஆட்கள் கல்யாண மண்டபத்துக்கு வைத்தார்கள், நகைக்கடைக்கு வைத்தார்கள், இப்போது எந்த ஊருக்குப் போனாலும் பில்லர் அச்சு வாடகைக்குக் கிடைக்கிறது. துபாய் போனவன் வீட்டிலும் இருக்கிறது, சிங்கப்பூர் போனவன் வீட்டிலும் இருக்கிறது. இரண்டாயிரம் வருஷத்துக்கு முன்பு செத்துப்போன ராஜாக்கள் வைத்த தூண் இன்று திண்டிவனத்தில் டைல்ஸ் கடை வாசலில் நிற்கிறது. யோசித்தால் ஆச்சரியம்தான்.

ஆச்சரியப்பட்டதோடு நான் வாயை மூடிக்கொண்டிருக்கலாம்.

ஞாயிற்றுக்கிழமை தோறும் நான் குடும்ப குரூப்பில் வாய்ஸ் மெசேஜ் போடுவேன். ரோமைப் பற்றி ஐந்து நிமிஷம், பத்து நிமிஷம். பாந்தியன் என்ற பழைய ரோமானியக் கோயிலின் கூரையில் நடுவே ஓட்டை இருக்கிறது, மழை உள்ளேயே பெய்யும், தரையில் துவாரம் வைத்து வடித்துவிடுகிறார்கள் என்று ஒரு வாரம். கொலோசியம் என்ற பழைய அரங்கத்தில் அத்தனை கூட்டம் எப்படி வெளியேறும் என்று ஒரு வாரம். உப்பளத்தில் காலை வேலை முடித்துக் கஞ்சி குடிக்கும் நேரத்தில் சேவியர் அதை ஸ்பீக்கரில் போடுவானாம். பக்கத்து உப்புப் பாத்திக்காரர்களும் வந்து உட்கார்ந்து கேட்பார்களாம். "ரோமாக்கா இந்த வாரம் இன்னா சொல்லுது?" என்று கேட்பார்களாம். இதைக் கேள்விப்பட்டதிலிருந்து எனக்குத் தலை கால் புரியவில்லை.

3

ஏன் அப்படி என்று கேட்டால், இங்கே ரோமில் என்னை யாரும் எதுவும் கேட்பதில்லை. நான் வீடு துடைக்கிறவள். நான்கு வீட்டுச் சாவி என் கைப்பையில் இருக்கிறது. அந்த வீட்டுக்காரர்கள் நல்லவர்கள்தான், ஆனால் அவர்கள் கேட்பதெல்லாம் ஜன்னல் துடைத்தாயா, வியாழக்கிழமை வருவாயா, அவ்வளவுதான். என் இத்தாலியனில் நேற்று கிடையாது, நாளை கிடையாது, எல்லாம் இன்றைக்குத்தான். "நேற்று நான் வருகிறேன்" என்பேன். பக்கத்தில் நின்றால் கிளாரா முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

இந்த மே மாதத்திலும் தங்கும் பெர்மிட்டைப் புதுப்பிக்கப் போயிருந்தேன். விரல் ரேகை வைக்கச் சொன்னார்கள். வைத்தேன். மெஷின் எடுக்கவில்லை. துடைத்துவிட்டு வைத்தேன். எடுக்கவில்லை. தரை துடைக்கிற மருந்தில் ரேகை தேய்ந்துபோகும், எங்கள் வேலையில் எல்லோருக்கும் இதே கதைதான். கண்ணாடிக்குப் பின்னால் இருந்த பெண் என்னிடம் பேசவில்லை, கிளாராவிடம் பேசினாள். "உங்கள் அம்மாவை இன்னொரு நாள் வரச் சொல்லுங்கள்" என்றாள். நான் அங்கேயே நிற்கிறேன். இருபது வருஷத்துக்கு மேல் இந்த ஊரில் இருக்கிறேன், என் விரலுக்கே என்னைத் தெரியவில்லை.

இப்படிப்பட்டவள் ஞாயிற்றுக்கிழமை போனைக் கையில் எடுத்தால் அங்கே உப்பளமே காத்திருக்கிறது. எப்படி வாய் சும்மா இருக்கும்?

சேவியர் வீடு கட்டிக்கொண்டிருந்த வருஷம், அந்தக் கடல் தண்ணீர் விஷயத்தை நான் கேட்டது ஓஸ்தியாவில். ரோமுக்குப் பக்கத்தில் கடலோரமாக இருக்கும் பழைய ஊர் அது, இப்போது இடிபாடுகள்தான். மாதத்தின் முதல் ஞாயிறு டிக்கெட் கிடையாது, அதனால் போவேன். அன்றைக்கு ஒரு கைடு தன் கூட்டத்துக்குச் சொல்லிக்கொண்டிருந்தார். பழைய காலத்தில் ரோமுக்கு உப்பு போனது இந்தக் கரையிலிருந்துதான், இங்கே உப்பளங்கள் இருந்தன என்றார். உப்பளம் என்றதும் என் கால் நகரவில்லை. கூட்டத்தின் ஓரத்தில் நின்றுகொண்டேன்.

அவர் அடுத்துத் துறைமுகத்துக்குப் போனார். ரோமானியர்கள் சுண்ணாம்பையும் எரிமலைச் சாம்பலையும் கடல் தண்ணீரையும் கலந்து கடலுக்குள்ளேயே சுவர் எழுப்பினார்கள், அலை அடிக்க அடிக்க அது இறுகிக்கொண்டே போகிறது, இன்றைக்குப் போடுகிற கான்கிரீட் அதன் பக்கத்தில் நிற்க முடியாது என்றார். எனக்குப் புல்லரித்தது. அப்போது அவர் பேச்சை நிறுத்தி என்னைப் பார்த்தார். அவருடைய கூட்டத்துக்கெல்லாம் கழுத்தில் பச்சைப் பட்டை, எனக்கு இல்லை. ஓசியில் கேட்டு மாட்டிக்கொண்ட மாதிரி எனக்குக் கூச்சமாகிவிட்டது. அங்கிருந்து நகர்ந்துவிட்டேன். மிச்சத்தை அவர் தன் கூட்டத்துக்குச் சொல்லியிருப்பார்.

கேட்டது பாதி. ஆனால் அன்று சாயங்காலம் குரூப்பில் முழுசாகச் சொன்னேன். "டேய் சேவியரு, உப்புத்தண்ணின்னா கேவலமா நெனைக்காதடா. ரோமன் கட்டடம் எல்லாம் உப்புத்தண்ணியில கட்டினதுதான். ரெண்டாயிரம் வருஷமா கடல்லயே கல்லா இறுகி நிக்குது. நம்ம ஊரு தண்ணியோட அருமை நமக்குத்தான் தெரியல" என்றேன். கடைசி வரி நானே சேர்த்தது. அது சொல்லும்போது எனக்கே பெருமையாக இருந்தது. அதைக் கேட்டுத்தான் சேவியர் போர்ட்டிகோவுக்கு உப்புத்தண்ணீரில் கலவை போட வைத்தான்.

4

கேக்கை அப்படியே வைத்துவிட்டுக் கிளாரா என்னை வெளியே கூட்டிக்கொண்டு போனாள். எங்கள் குடியிருப்புக்குப் பின்னால் ரோமானியர் காலத்து நீர்ப்பாலம் போகிறது. மலையிலிருந்து ஊருக்குத் தண்ணீர் கொண்டுவர, வளைவு வளைவாகக் கட்டியது. என் சமையலறை ஜன்னலைத் திறந்தால் அதுதான் தெரியும். அதைப் பார்த்துக்கொண்டுதான் இத்தனை வருஷமும் பாத்திரம் கழுவியிருக்கிறேன்.

கிளாரா ஒரு வளைவுக்கு அடியில் என்னை நிறுத்தினாள். அவளுடைய தமிழ் தடுக்கித் தடுக்கித்தான் வரும், கோபம் வந்தால் அதுவும் வராது.

"மா, இதுல எங்க இரும்பு இருக்கு?"

பார்த்தேன். கல்லும் செங்கல்லும்தான்.

"இல்ல. இந்தக் கல்லு அந்தக் கல்லு மேல சாயுது, அது இது மேல சாயுது. எல்லாம் அமுக்குது. யாரும் இழுக்கல. அதான் இரும்பு வேணாம். பாந்தியன் கூரையிலயும் இல்ல. கடல்ல கட்டினாங்களே, அதுலயும் இல்ல. இரும்பு இல்லன்னா உப்பு எதைத் தின்னும்? மாமா வீட்டுல என்ன போட்டாங்க?"

"கம்பி" என்றேன்.

"சிமென்ட், கம்பி, உப்புத்தண்ணி. துரு பிடிச்சா கம்பி வீங்கும் மா. வீங்கினா கான்கிரீட்ட உள்ளயிருந்து உடைக்கும். இது ரோமன் இல்ல. பெயின்டிங் மட்டும்தான் ரோமன்."

நான் அந்த வளைவைத் தொட்டுக்கொண்டு நின்றேன். உப்பு இரும்பைத் தின்னும் என்று எனக்கு யார் சொல்லித்தர வேண்டும்? நான் உப்பளத்தில் பிறந்தவள். எங்கள் ஊரில் சைக்கிள் வாங்கினால் இரண்டே வருஷத்தில் கைக்கு மண்ணாக வரும். மோட்டார் கொட்டகைக் கதவில் கீல் நிற்காது, கயிறு போட்டுத்தான் கட்டுவார்கள். மரக்காணத்தில் உப்பின் குணம் தெரியாதவன் ஒருத்தன் கிடையாது. சேவியர் அந்த உப்பில் நின்றே வளர்ந்தவன். தன் கண்ணால் தினமும் பார்ப்பதை விட்டுவிட்டு என் பேச்சை நம்பியிருக்கிறான். நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது.

5

போன் செய்தேன். "சேவியரு, அந்த போர்ட்டிகோவை உடைச்சிடுடா" என்றேன்.

அவன் சிரித்தான். "ஏம்மா, விளையாடுறியா? ஆகஸ்ட் கடைசில ஷீபாவுக்கு நிச்சயதார்த்தம். மாப்ள வூட்டுக்காரங்கள அங்கதான் உக்கார வைக்கப் போறேன்." ஷீபா அவன் மகள்.

கிளாரா சொன்னதையெல்லாம் சொன்னேன்.

"அது சின்னப் புள்ள, அதுக்கு இன்னா தெரியும்? நீ கண்ணால பாத்தியே. கடல்ல நிக்குதுன்னியே."

"நான் பாதிதான்டா கேட்டேன்."

"அக்கா, உனக்கு ஒண்ணு சொல்லட்டா? அன்னிக்கு பாத்தித் தண்ணிய டிரம்ல கொண்டாந்து வச்சப்ப ஏழுமலை மேஸ்திரி கலவையே போட மாட்டேன்னுட்டாரு. ஊரே சிரிச்சுது. நான் உன் மெசேஜ போட்டுக் காட்டினேன். ரோம்லயே சொல்றாங்கன்னா நான் யாரு வேணாங்கறதுக்குன்னு அவரும் போட்டுட்டாரு. இப்ப போயி உடைச்சா எல்லாரும் என்ன பேசுவாங்க? உன்னத்தான பேசுவாங்க?"

என்னைப் பேசுவார்களே என்று அவன் தளத்தைத் தாங்கிக்கொண்டிருக்கிறான். பின்னாலிருந்து ஜெயா போனை வாங்கினாள். "அண்ணி, நீங்க சொன்னா கேப்பாரு" என்றாள். பிறகு, "அதான் பிரச்சினையே" என்றாள். ஜெயா எப்போதும் மரியாதையாகப் பேசுகிறவள். அன்றும் மரியாதையாகத்தான் சொன்னாள்.

பெர்மிட் கைக்கு வராமல் நாட்டை விட்டு வெளியே போக எனக்குப் பயம். திரும்பி வரும்போது வாசலிலேயே நிறுத்திவிட்டால் என்ன செய்வது? ஜூனில் இரண்டு தடவை விரல் வைக்கப் போனேன். தினமும் போன் செய்து, யாரும் அதன் கீழே உட்காரக்கூடாது என்று சண்டை போட்டேன். ஒரு நாள் ஜெயா அனுப்பிய போட்டோவில் வளைவிலிருந்து ஒரு பாளம் பெயர்ந்து விழுந்திருந்தது. அடியில் பிளாஸ்டிக் நாற்காலி ஒன்று கால் முறிந்து கிடந்தது. நாற்காலி காலியாக இருந்ததா என்று கேட்கவே எனக்குத் தைரியம் வரவில்லை. காலியாகத்தான் இருந்ததாம். ஷீபா அதில் உட்கார்ந்து போன் பேசிக்கொண்டிருந்துவிட்டு அப்போதுதான் உள்ளே போயிருக்கிறாள்.

பெர்மிட் வந்த மறுநாளே டிக்கெட் போட்டேன். கிளாரா வரவில்லை. சிநேகிதிகளோடு எங்கேயோ போகிறாளாம். "நீயே சொல்லு மா, நீதான சொன்ன" என்றாள். அவள் சொன்னதில் தப்பில்லை.

6

வீட்டை நேரில் பார்த்தபோது முதலில் தோன்றியது, என்ன அழகாகக் கட்டியிருக்கிறான் என்றுதான். தூண் உச்சியில் இலைகளை ஏழுமலை மேஸ்திரி கையாலேயே செதுக்கியிருந்தார், நான் அனுப்பிய போட்டோவைப் பார்த்து. போட்டோவில் ஓரத்து இலை ஒன்று உடைந்திருக்கும். இங்கேயும் நான்கு தூணிலும் அதே இலை உடைந்த மாதிரியே இருந்தது. வளைவுகளுக்குக் கீழே சவுக்குக் கட்டைகளை முட்டுக் கொடுத்திருந்தார்கள்.

"டேய், இதை ஏன்டா உடைஞ்ச மாதிரி வச்சீங்க?" என்றேன்.

"ஒரிஜினல் அப்படித்தான இருக்குது?" என்றான் சேவியர்.

மறுநாள் காலை உடைப்பதாக இருந்தது. அதற்கும் அவன் சம்மதிக்கவில்லை, நான் அழுத பிறகு "உன் இஷ்டம்" என்று மட்டும் சொன்னான். உப்பளத்து ஆட்கள் வேலை முடித்த காலோடு வந்து நின்றார்கள். கணுக்காலில் வெள்ளை பூத்திருந்தது. என் வாய்ஸ் மெசேஜ் கேட்கிறவர்கள். நேரில் அவர்களில் பாதிப் பேரை எனக்கு அடையாளம் தெரியவில்லை, அவர்களுக்கு என் குரல் தெரிந்திருந்தது.

"ரோமாக்கா, பயணம்லாம் சவுகரியமா?" என்றார் ஒருத்தர்.

சவுகரியம் என்றேன். பிறகு, ஏரோப்ளேனில் உட்கார்ந்து மனப்பாடம் செய்துகொண்டு வந்ததைச் சொன்னேன். "இது என் தம்பி தப்பு இல்லீங்க. மேஸ்திரி தப்பும் இல்ல. நான்தான் ஒரு இடத்துல பாதி கேட்டுட்டு வந்து முழுசா தெரிஞ்ச மாதிரி சொல்லிட்டேன். அவங்க இரும்பு போடாம கட்டினாங்க. எனக்கு அது தெரியாது. என்னை மன்னிச்சிடுங்க."

திட்டுவார்கள் என்று நினைத்தேன். யாராவது ஒருத்தர் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர்கள் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டார்கள்.

"அட, அந்த ஊரு உப்பு வேற ரகமா இருக்கும்கா" என்றார் ஒருத்தர்.

"சிமென்ட்டுதான் சரியில்ல. இப்பல்லாம் எவன் நல்ல சிமென்ட்டு குடுக்கறான்?" என்றார் இன்னொருத்தர்.

"கடல் தண்ணின்னுதான அக்கா சொல்லிச்சி? இவன் பாத்தித் தண்ணிய ஊத்திட்டான். வெயில்ல காய்ஞ்ச தண்ணி, உப்பு அதிகம்" என்றார் மூன்றாவது ஆள். எல்லோரும் ஆமாம் ஆமாம் என்றார்கள். சேவியரும் தலையாட்டினான், தப்பு தன்மேல் வந்ததில் அவனுக்கு ஒரு நிம்மதி.

இல்லை, நான்தான் என்று மறுபடி சொன்னேன். யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அதற்குள் டிரில்லிங் மெஷின் சத்தம் வந்துவிட்டது.

தளத்தை முதலில் உடைத்தார்கள், பிறகு வளைவுகளை, கடைசியாகத் தூண்களை. சம்மட்டி பட்டதும் தூண் மேலோடு பாளம் பாளமாகக் கழன்றது. உள்ளே கம்பி இரண்டு மடங்கு பருத்து, வெங்காயச் சருகு மாதிரி அடுக்கடுக்காக உரிந்து நின்றது. ஏழுமலை மேஸ்திரி அதில் ஒரு துண்டைக் கையில் எடுத்து நசுக்கினார். பொடியாகிவிட்டது. அவர் என்னைப் பார்க்கவில்லை, கையைத் தட்டிக்கொண்டு அடுத்த தூணுக்குப் போனார். தான் செதுக்கிய இலைகளை மட்டும் தனியாக எடுத்து ஓரமாக வைக்கச் சொன்னார்.

சாயங்காலம் வேலை முடிந்து ஜல்லிக் குவியல் பக்கத்தில் எல்லோரும் உட்கார்ந்தோம். வீட்டின் முகம் மூக்கு அறுந்த மாதிரி இருந்தது. சேவியர் கொஞ்ச நேரம் அதையே பார்த்தான்.

"வுடுக்கா. நீ அனுப்பின போட்டோல எல்லாமே உடைஞ்சிதான கெடக்குது. இப்பதான் இது சரியான ரோமன்" என்றான்.

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், கண்ணைத் துடைத்துக்கொண்டு. என்னைச் சிரிக்க வைக்கத்தான் சொன்னான். சின்ன வயதிலிருந்தே அவன் அப்படித்தான்.

"நிச்சயதார்த்தத்துக்குப் பந்தல் போட்டுக்கலாம். அப்பறம் திரும்பக் கட்டணும்" என்றான். என் பக்கம் திரும்பி நேராக உட்கார்ந்துகொண்டான். "இந்தத் தடவ எந்தத் தண்ணி ஊத்தறதுக்கா? நீ சொல்லு."

மேஸ்திரியும் திரும்பினார். உப்பளத்து ஆட்கள் பேச்சை நிறுத்தினார்கள். ஞாயிற்றுக்கிழமை ஸ்பீக்கரைச் சுற்றி இப்படித்தான் உட்காருவார்கள் போலிருக்கிறது. ரோமில் ஒரு மனுஷரும் என்னை இப்படிப் பார்த்ததில்லை.

"எனக்குத் தெரியாதுடா" என்றேன்.

அவன் மிச்சத்துக்காகக் காத்திருந்தான். "அப்பறம்?"

"அவ்வளவுதான். எனக்குத் தெரியாது."

"சரி, அங்க போயி யாரையாவது கேட்டு சொல்றியா?"

கேட்டுச் சொல்கிறேன் என்று வாய் வரை வந்தது. பல்லைக் கடித்துக்கொண்டேன்.

அப்போது ஜெயா டீ டம்ளர்களோடு உள்ளேயிருந்து வந்தாள். எனக்கு முதலில் கொடுத்தாள். "நல்ல தண்ணி லாரிக்கு நான் காலையிலயே சொல்லிட்டேன்" என்றாள், யாரையும் பார்க்காமல். "டீய குடிங்க, ஆறிடப் போவுது."

எல்லோரும் டீயை எடுத்துக்கொண்டார்கள். சேவியர் மட்டும் டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு, நான் ஏதாவது சொல்வேனா என்று என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.